வெப்பத்துக்கு இரண்டே வாசல்

படத்தில் அம்புக்குறி போட்டுக்கொண்டிருந்தபோதுதான் இஷ்ரத் அந்தத் தவறைக் கண்டாள்.

கட்டுரை திங்கட்கிழமை போயாக வேண்டும். எழுத்து வேலை முடிந்து பெயர்களும் ஏறிவிட்டன: முதலில் இஷ்ரத், அடுத்து கூட ஆராய்ச்சி செய்யும் லூர்துபிரகாஷ், கடைசியில் இருவருக்கும் வழிகாட்டியான பேராசிரியர் பிரிஸ்கில்லா. பாக்கியிருந்தது முதல் படம் மட்டும். அவர்கள் எப்படி அளந்தார்கள் என்று வாசிப்பவர்களுக்குக் காட்டும் படம்.

அளக்கும் கருவி ஒரு சில்லு. அதன் நடுவே ஒரு பள்ளம். பள்ளத்துக்கு மேல் நூல் போன்ற கால்களில் இரண்டு சின்னத் திட்டுகள் தொங்கும். இரண்டுக்கும் நடுவே பாலமாக ஒரே ஒரு சிலிக்கான் கம்பி. தலைமுடி ஒன்றின் அகலத்துக்குள் அந்தக் கம்பியைப் போல இரண்டாயிரத்தைப் பக்கம் பக்கமாக அடுக்கிவிடலாம். ஒரு திட்டைச் சூடாக்கினால் வெப்பம் கம்பி வழியாக மறு திட்டுக்குப் போகும். அங்கே எவ்வளவு சூடு ஏறுகிறது என்று பார்த்தால், கம்பி வெப்பத்தை எவ்வளவு கடத்துகிறது என்று தெரிந்துவிடும்.

அவர்கள் தேடியது ஒரு விநோதமான பொருளை. அதில் மின்சாரம் தாராளமாக ஓட வேண்டும், வெப்பம் ஓடக் கூடாது. அப்படி ஒன்று கிடைத்தால், ஒரு முனையைச் சூட்டிலும் மறு முனையைக் குளிரிலும் வைத்து, இடையில் மின்சாரம் எடுக்கலாம். லாரியின் புகைக்குழாயில் வீணாகப் போகும் சூடுகூட விளக்கெரிக்கும்.

சிலிக்கானில் வெப்பத்தைச் சுமப்பது பெரும்பாலும் அணுக்களின் நடுக்கம். ஓர் அணு நடுங்கினால் பக்கத்து அணுவும் நடுங்கும், நடுக்கம் அலையாகப் பரவும். பெரிய கட்டியில் அந்த அலை எதிலும் முட்டாமல் வெகுதூரம் போய்விடும். கட்டியைக் கம்பியாக மெலிய வைத்தால் அலை சுவரில் முட்டிச் சிதறும். எலக்ட்ரான்களின் கதை வேறு. அவை எப்படியும் மிகக் கிட்டத்திலேயே எதிலாவது முட்டிக்கொள்கிறவை, சுவர் நெருங்கி வந்தது அவற்றுக்கு அவ்வளவாக உறைக்காது. ஆகவே கம்பி மெலிந்தால் வெப்பம் தடுமாறும், மின்சாரம் ஓரளவு தப்பித்துக்கொள்ளும்.

கட்டிச் சிலிக்கானின் வெப்பக் கடத்துதிறன், வழக்கமான அலகில், நூற்று நாற்பதுக்கும் மேலே. இஷ்ரத்தின் கம்பியில் அது வெறும் இரண்டு. அவர்களுக்குத் தெரிந்து யாரும் அவ்வளவு குறைவாக அளந்ததில்லை. ஐந்து சில்லுகளில் அளந்தார்கள். ஐந்திலும் இரண்டு.

இப்போது அவள் நீல அம்புகளால் மின்சாரத்தைப் போட்டாள். கம்பியில் நான்கு இடத்தில் தொடர்பு. வெளி இரண்டின் வழியாக மின்சாரம் போய் வரும். உள் இரண்டும் சும்மா நின்று, தங்களுக்கு இடைப்பட்ட துண்டில் மின்னழுத்தம் எவ்வளவு இறங்குகிறது என்று மட்டும் பார்க்கும். கம்பியைப் பிளாட்டினத்தால் திட்டில் ஒட்டிய இடம், அதாவது ஒட்டு, எவ்வளவு மோசமாக இருந்தாலும் கணக்கில் வராது. அந்த ஆய்வுக்கூடத்தில் சேரும் எல்லாரும் முதல் வாரத்திலேயே கற்றுக்கொள்ளும் வித்தை அது. அதைச் செய்துவிட்டால் ஒட்டு பற்றிய கவலையை மறந்துவிடுவது அங்கே பழக்கம்.

பிறகு சிவப்பு அம்பு. வெப்பம் இடது திட்டிலிருந்து ஒட்டு வழியாகக் கம்பிக்குள் நுழைந்தது. வலது ஒட்டு வழியாக வெளியேறியது. கம்பிக்குள் மட்டும் சூடு எவ்வளவு இறங்குகிறது என்று காட்டும் மூன்றாவது அம்பைப் போட அவளுக்கு இடம் கிடைக்கவில்லை. வெப்பமானி இரண்டும் திட்டுகளின் மேல்தான் இருந்தன. கம்பியின் மேல் ஒன்றுமில்லை.

"பிரகாஷு, இங்க வா."

"டீ வாங்கித் தரேன்னு சொன்னா வரேன்."

"வாடா."

லூர்துபிரகாஷ் நாற்காலியோடு உருண்டு வந்தான். அவள் திரையைக் காட்டினாள்.

"கரண்டுக்கு நாலு எடத்துல தொட்டிருக்கோம். சூட்டுக்கு?"

"ரெண்டு."

"அந்த ரெண்டும் ஒட்டு. அப்போ நாம அளந்தது கம்பிய மட்டுமா, ஒட்டையும் சேத்தா?"

"ஒட்டு நல்லா இருக்குன்னு நீதான பாத்த?"

"கரண்டுக்குப் பாத்தேன். எலக்ட்ரான் போற ஒட்டுல நடுக்கமும் போகும்னு யார் சொன்னா? பிளாட்டினம் வேற, சிலிக்கான் வேற. அணுவோட எடை வேற. நடுவுல மேல படிஞ்ச ஆக்சைடு வேற. சூடு அங்கயே முட்டிக்கிட்டு நிக்கலாம்."

அவன் தாடையைச் சொறிந்தான். "அஞ்சு சில்லுலயும் ஒரே நம்பரு வந்துதே?"

"உங்க அத்தைக்குப் பெரிய மார்க்கெட்ல மீன் கடைதான?"

"ஆரோக்கியம் அத்தைய ஏன் இழுக்குற?"

"கேளு. மீன் சந்துக்கு ரெண்டு பக்கமும் வாசல். உள்ள போவாம, வெளிய ரோட்ல நின்னுக்கிட்டு, ஒரு மணி நேரத்துல எத்தினி கூடை இந்தப் பக்கம் போயி அந்தப் பக்கம் வருதுன்னு எண்ணுறேன். கம்மியா வருது. சந்து குறுகலா, இல்ல வாசல்ல எவனாவது வண்டிய நிறுத்தி வச்சிருக்கானா?"

"வண்டிதான். தெனம் அதான் சண்ட."

"ஆனா வெளிய நின்னு எண்ணுனா ரெண்டும் ஒரே மாதிரிதான் தெரியும். அஞ்சு நாள் எண்ணு, அஞ்சு நாளும் அதே கணக்குத்தான் வரும்."

அவன் சிரிக்கவில்லை. "சரி, எப்படிக் கண்டுபிடிப்ப?"

"சந்த, அதாவது கம்பிய, நாலு மடங்கு நீளமாக்கணும். தடை கம்பியிலன்னா, போற சூடு நாலுல ஒரு பங்கா கொறையும். ஒட்டுலன்னா, நீளமாக்கினாலும் பெருசா மாறாது. நம்ம சில்லு அஞ்சுலயும் இடைவெளி அஞ்சு மைக்ரோமீட்டர். ஒரே நீளம். அதனாலதான் ஒரே நம்பரு."

பேராசிரியர் பிரிஸ்கில்லாவை மாணவர்கள் எல்லாரும் மதாம் என்றுதான் கூப்பிடுவார்கள். பிரான்சில் படித்தவர், அப்பா அந்நாட்டுக் குடியுரிமை வைத்திருந்தவர். இஷ்ரத் கொண்டுபோய்க் காட்டிய படத்தை மதாம் தன் அறையில் நின்றபடியே பார்த்தார். வெகுநேரம் பார்த்தார்.

"இத இன்னிக்குத்தான் கண்டுபிடிச்சியாம்மா?"

"படம் போடும்போதுதான் தெரிஞ்சுது மதாம்."

"நானும் இத நாலு வாட்டி படிச்சேன்." மதாமின் குரலில் கோபம் இருந்தது, யார் மேல் என்று சொல்வது கடினம். "ஒட்டோட பங்கு சின்னதா இருந்தா? இதே வேலைய இன்னொரு குரூப்பு செய்யுதுன்னு உனக்குத் தெரியும். அவங்க முந்திக்கிட்டா உன் தீசிஸ்ல என்ன மிஞ்சும்?"

"சின்னதுன்னா அளந்து காட்டிடறேன். இருபது மைக்ரோமீட்டர் இடைவெளியில ஒரு பழைய சில்லு பெட்டியில இருக்கு."

"அது ஒண்ணுதான் இருக்கு. போன தடவ கம்பி வைக்கும்போது மத்த ரெண்டும் கால் ஒடிஞ்சு போச்சு."

"வைக்கிறேன் மதாம்."

"ஒடிஞ்சிட்டா?"

"ஒடிஞ்சிட்டா, கட்டுரையில என் பேர எடுத்துடுங்க. எனக்குத் தெரியாத நம்பருக்கு மேல என் பேரு இருக்க வேணாம்."

மதாம் கண்ணாடியைக் கழற்றி, துடைத்து, மாட்டிக்கொண்டார்.

"மொதல்ல கம்பிய வை. பேரப் பத்தி அப்புறம் பேசலாம்."

கம்பியை வைப்பது கைவேலை. நுண்ணோக்கியின் கீழே, இருட்டுப் பின்னணியில், கம்பி வெளிச்சத்தைச் சிதறடித்து மெல்லிய கீற்றாகத் தெரியும். நுனி கூரான ஒரு கண்ணாடி ஊசியைத் திருகுகளால் நகர்த்தி, அந்தக் கீற்றை ஒட்டியெடுத்து, சில்லுக்கு மேலே கொண்டுவந்து, இரண்டு திட்டிலும் சாயும்படி இறக்க வேண்டும். ஊசி திட்டில் இடித்தால் கால் முறிந்தது.

சனிக்கிழமை முழுக்க முயன்றும் நடக்கவில்லை. ஆய்வுக்கூடம் கோரிமேட்டுக்குப் போகும் சாலையை ஒட்டி இருந்தது. பெரிய ஆஸ்பத்திரிக்கு நோயாளிகளை ஏற்றிக்கொண்டு பஸ் மேல் பஸ்ஸாகப் போகும். ஒவ்வொன்றுக்கும் மேசை அதிரும், ஊசி நுனி திரையில் மங்கலாகிவிடும். அது போதாதென்று ஏசியின் உறுமல். ஏசியை நிறுத்தினால் கடற்கரை ஊரின் ஈரக்காற்று உள்ளே புகுந்துவிடும். ஊசியிலும் கம்பியிலும் கண்ணுக்குத் தெரியாத நீர்ப்படலம் படியும், கம்பி ஊசியை விட்டு இறங்க மறுக்கும். ஏசியை ஓடவிட்டு அறையை நன்றாக உலர்த்தினால் நிலைமின்சாரம் சேர்ந்து, ஊசி நெருங்கும்போதே கம்பி துள்ளி எங்கேயோ பறந்துவிடும். எத்தனை கம்பி போனது என்று அவள் எண்ணவில்லை. சில்லு மட்டும் பிழைத்திருந்தது.

ஞாயிறு காலை ரெட்டியார்பாளையத்திலிருந்து ஸ்கூட்டரில் வந்தபோது சாலை காலியாக இருந்தது. அதற்காகத்தான் அந்த நேரத்தைத் தேர்ந்தெடுத்தாள். லூர்துபிரகாஷ் படியில் உட்கார்ந்திருந்தான், சட்டையில் கஞ்சி மொடமொடத்தது.

"பூசைக்குப் போகலையா?"

"மொத பூசைக்கே போயிட்டு வந்துட்டேன். உன் கம்பிக்காக ஒரு மெழுகுவத்தியும் ஏத்திட்டேன். இதுக்கு மேல சாமியே வந்து ஊசியப் புடிக்கணும்."

"சாமி வேணாம், நீ ஏசி ரிமோட்டப் புடி. நான் நிறுத்துன்னா நிறுத்து, போடுன்னா போடு."

அவள் யோசித்து வைத்திருந்தாள். ஏசி நின்றதும் ஈரம் ஒரே மூச்சில் ஏறிவிடாது. ரொம்ப உலர்வுக்கும் ரொம்ப ஈரத்துக்கும் நடுவே கொஞ்ச நேரம் உண்டு. அந்த நேரத்தில் கம்பி பறக்காது, ஒட்டிக்கொள்ளவும் செய்யாது. வேலையை அதற்குள் முடிக்க வேண்டும்.

"நிறுத்து."

அறை அமைதியானது. ஊசி இறங்கியது. கம்பி ஒட்டியது, எழும்பியது, சில்லுக்கு மேலே வந்தது. இறக்கும் நேரத்தில் கம்பியின் ஒரு முனை ஊசியைச் சுற்றி மடங்கிவிட்டது. அவள் ஊசியை உயர்த்தினாள்.

"போடு."

மறுபடி உலர்த்தினார்கள். மறுபடி நிறுத்தினார்கள். இந்தத் தடவை கம்பியின் இடது முனை திட்டில் படிந்தது. வலது முனை தொங்கியது. நெற்றியிலிருந்து வியர்வை புருவத்துக்கு வந்தது, அவள் தலையை அசைக்கவில்லை.

"இஷ்ரத்து, தொடைக்கட்டுமா?"

"மூச்சு விடாத. தூரத்துல பஸ் சத்தம்."

பஸ் வந்தது, திரை நடுங்கியது, பஸ் போனது. திரை தெளிந்ததும் அவள் ஊசியைப் பக்கவாட்டில் தேய்த்தாற்போல நகர்த்தினாள், விரலில் ஒட்டிய முடியைச் சுவரில் தேய்த்து எடுப்பதுபோல. கம்பி ஊசியை விட்டு நழுவிப் பள்ளத்துக்குக் குறுக்கே நேராகக் கிடந்தது. கால்கள் எல்லாம் இருந்தன.

லூர்துபிரகாஷ் ரிமோட்டை மேசையில் வைத்துவிட்டுக் கைதட்டப் போனான். அவள் முறைத்த முறைப்பில் கை பாதியில் நின்றது.

மதியம் அவன் எலக்ட்ரான் நுண்ணோக்கியில் கம்பியின் பருமனைப் பார்த்தான். பழைய ஐந்தைப் போலவே இருந்தது. இரு முனையிலும் முன்பு செய்த அதே அளவு பிளாட்டினத்தைப் படியவைத்தான். கூட்டவும் இல்லை, குறைக்கவும் இல்லை. வாசல் மாறாமல் சந்து மட்டும் நீள வேண்டும் என்பதுதானே விஷயம். சில்லை வெற்றிடப் பெட்டிக்குள் வைத்து, காற்று வழியாகச் சூடு தப்பாதபடி பம்ப்பை ஓடவிட்டுப் போனார்கள்.

திங்கள் காலை இஷ்ரத் ஒரு திட்டைச் சூடாக்கினாள். மறு திட்டின் வெப்பம் மெதுவாக ஏறி நிலைத்தது. அவள் சூட்டைக் கூட்டினாள், குறைத்தாள், ஒவ்வொரு தடவையும் நிலைக்கும்வரை பொறுத்தாள். பிறகு கணக்குப் போட்டாள்.

"எவ்ளோ?" என்றான் லூர்துபிரகாஷ்.

"அஞ்சு."

"ரெண்டு இல்லையா?"

"கம்பி ஒரே கம்பி, நீளம் மட்டும்தான் வேற. கம்பிய மட்டும் அளந்திருந்தா ரெண்டுதான் வந்திருக்கணும். நீளம் கூடுனதும் ஒட்டோட பங்கு கொறஞ்சுது, நம்பரு ஏறிடுச்சு." அவள் தாளில் இரண்டு புள்ளி வைத்தாள், நீளத்துக்கு எதிரே தடை. இரண்டையும் சேர்த்துக் கோடு இழுத்தாள். நீளம் பூஜ்யமாகும் இடத்தில் தடையும் பூஜ்யமாகியிருக்க வேண்டும். கோடு அங்கே போகவில்லை, வெகு உயரத்தில் அச்சை வெட்டியது. "கம்பியே இல்லாட்டியும் இவ்ளோ தடை இருக்கு. பழைய அளவுல அஞ்சுல நாலு பங்கு ஒட்டு. கோட்டோட சரிவப் பாத்தா, கம்பியோட நிஜக் கடத்துதிறன் பத்து."

"பத்து," என்றான் அவன். "மத்தவங்க அளந்தது கூட அந்தப் பக்கம்தான."

"ஆமா. நாம புதுசா ஒண்ணும் கண்டுபிடிக்கல."

மதாமின் அறைக்கு இருவரும் போனார்கள். இஷ்ரத் தாளை மேசையில் வைத்து, நின்றபடியே எல்லாவற்றையும் சொன்னாள். மதாம் கோட்டைப் பார்த்தார், அச்சை வெட்டிய இடத்தை விரலால் தொட்டார். பிறகு கணினியைத் திருப்பி, கட்டுரையை அனுப்புவதற்காகத் திறந்து வைத்திருந்த பக்கத்தை அவர்கள் கண்ணெதிரே மூடினார்.

"இது போகாது," என்றார். "ஆனா உன் பத்தையும் நான் இன்னும் நம்பல."

"ஏன் மதாம்?"

"எந்த ரெண்டு புள்ளி வச்சாலும் ஒரு கோடு போகும்மா. மூணாவது புள்ளியும் அதே கோட்ல உக்காந்தாத்தான் ஒட்டு எல்லாத்துலயும் ஒண்ணுன்னு அர்த்தம். இல்லன்னா இந்தப் பத்தும் போச்சு."

லூர்துபிரகாஷ் மெல்ல முனகினான். "சில்லு இல்லையே மதாம். புதுசா செஞ்சு வர மாசக்கணக்காகும்."

"ஆகட்டும்," என்றாள் இஷ்ரத். "ஒரே சில்லுல எல்லா நீளமும் வர்ற மாதிரி வரையறேன். நீளத்துக்கு ரெண்டு ரெண்டா. ஒண்ணு ஒடிஞ்சாலும் இன்னொண்ணு இருக்கும்."

மதாம் தாளை அவளிடம் திருப்பிக் கொடுத்தார். "கம்பி மேல வெப்பமானி வைக்க முடியுமான்னும் யோசி. அப்போ ஒட்டப் பத்திப் பேசவே வேணாம்."

அது இஷ்ரத்துக்குத் தோன்றியிருக்கவில்லை. கதவைத் தாண்டும்போதே அவள் லூர்துபிரகாஷிடம், அவ்வளவு மெல்லிய கம்பியின் மேல், அதன் சூட்டை இழுத்துவிடாதபடி எதை வைப்பது என்று கேட்கத் தொடங்கியிருந்தாள்.