ஓடிபி சொல்லும் அப்பா

1
இந்தக் கதை எனக்குக் கொசுறாக வந்தது. என் கடையில் கேமரா மாட்ட வந்தவரிடம் பேரம் பேசினேன். கூலியில் சல்லிக்காசு குறைக்காமல், வேறொரு வீட்டு விவகாரத்தைச் சொல்லி என் வாயை அடைத்துவிட்டார். சரக்கு அவருடையது, கலப்படம் என்னுடையது.

2
'தனிமையின் இருளில் அந்தக் கிழவர்' என்று தொடங்கினேன்; அந்த வரியை அடித்துவிட்டேன். இருளெல்லாம் இல்லை, கூடத்தில் நல்ல வெளிச்சம். மனைவியை இழந்த மொத்த வியாபாரி, கடையை விற்றுவிட்டு உட்கார்ந்திருக்கிறார். மகன் வெளிநாட்டில். அப்பா விழுந்துகிழுந்து வைத்தால் தெரியட்டும் என்று கேமரா மாட்டச் சொன்னான்.

அங்கிருந்து பார்க்கக் கடவுச்சொல் மட்டும் போதாது. ஒவ்வொரு முறையும் கைபேசிக்கு ஒரு ஓடிபி வரும். மாட்டியவர் பழக்க தோஷத்தில் வீட்டில் இருப்பவரின் கைபேசி எண்ணையே பதிந்துவிட்டார். ஆக, அப்பாவைப் பார்க்க மகன் அப்பாவிடமே ஓடிபியைக் கேட்க வேண்டும்.

3
"அப்பா, ஓடிபி வந்துச்சா?"

"வந்துச்சு. சாப்பிட்டியா?"

"சீக்கிரம் சொல்லுங்கப்பா, காலாவதியாயிடும்."

"பேத்திகிட்ட குடு, சொல்றேன்."

"என்னப்பா, இதுலயும் பேரமா?"

"வேற என்னடா தெரியும் எனக்கு?"

பாதி எண்ணைச் சொல்வார். மீதிக்குப் பேத்தி பாட வேண்டும்.

(அடிக்குறிப்பாகப் போக வேண்டியது: ஒருவர் முகத்தைப் பார்க்க அவரிடமே அனுமதி கேட்பது பாதுகாப்பா, மரியாதையா? இப்படியே போனால் கட்டுரையாகிவிடும். திரும்புகிறேன்.)

4
மகனுக்குப் பொறுமை போயிற்று. ஓடிபி தன் கைபேசிக்கே வரும்படி மாற்றச் சொல்லி, கேமரா மாட்டியவரை அனுப்பினான். மாற்றுவதற்கும் அப்பாவுக்கு வரும் ஓடிபி ஒன்று வேண்டும். கடைசி ஓடிபி.

"இதைச் சொல்லிட்டா இனிமே எனக்கு வராதா?" என்று மாட்டியவரிடம் கேட்டார்.

"வராதுங்கய்யா. உங்களுக்கும் தொந்தரவு இல்ல."

"தொந்தரவுன்னு நான் சொன்னேனா?"

அப்போது அவர் கண்களில்... (வேண்டாம். கண்ணீர் விற்கும் கடை இதுவல்ல.)

5
முடிவுகள் கைவசம் இரண்டு.

சொல்லிவிடுகிறார். மகன் தினமும் பார்க்கிறான். படம் பளிச்சென்று தெரிகிறது. ஒலியை மட்டும் அணைத்து வைத்திருக்கிறான்.

சொல்ல மறுக்கிறார். 'அப்பாவுக்குப் புத்தி தடுமாறிப்போச்சு' என்று சொந்தக்காரர்களுக்கெல்லாம் செய்தி போகிறது.

இரண்டையும் நானே வாங்க மாட்டேன். உங்கள் தலையில் எப்படிக் கட்டுவது? நடந்ததை மாட்டியவர் சொன்னார்தான். அதை எழுதினால் மகன்மீது பழியைப் போட்டுவிட்டு நீங்கள் எழுந்து போய்விடுவீர்கள்.

எண் திரையில் இருக்கிறது. பெரியவர் கைபேசியைக் காதில் வைத்திருக்கிறார். மறுமுனையில் நீங்கள்.

முதலில் என்ன கேட்பீர்கள்?