கிரேன்காரி

கட்டட வேலையில் கிரேன் ஓட்டுகிறவளை ஒரு காலையில் மேற்பார்வையாளர் கூப்பிட்டு, "இனிமே நீ கீழயே இரும்மா. வர்ற சிமெண்ட் மூட்டையைப் பாத்துக்க," என்றார்.

"ஏன் சார், நான் என்ன தப்பு பண்ணேன்?"

"உனக்கு அடிக்கடி மயக்கம் வருமாமே. உங்கம்மா ஃபோன் பண்ணாங்க. பெத்தவங்களே சொல்லும்போது நான் எப்படி உன்னை மேல ஏத்துவேன்?"

பிறந்ததிலிருந்து அவள் மயங்கி விழுந்ததே இல்லை.

வீட்டில் அம்மா, சலவைக் கடைத் துணிகளுக்கு இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். மகள் கேட்டபோது எதையும் மழுப்பவில்லை. "ஆமா, சொன்னேன். உங்கப்பா சாரத்திலேருந்து விழுந்தப்ப நீ கைக்குழந்தை. இன்னொரு தடவை அதைப் பாக்க என்னால ஆகாதுடி."

"பயமா இருக்குன்னு என்கிட்ட சொல்ல வேண்டியதுதானே? என் பொழப்புல எதுக்குக் கை வெச்சே?"

"சொன்னா கேக்கிற ஆளா நீ?"

"இல்லதான். நாளைக்கே வந்து, சொன்னது பொய்னு அவர்கிட்ட சொல்லு."

"உசுரே போனாலும் மாட்டேன்."

மகள் துணிமணியைப் பையில் திணித்துக்கொண்டு தோழியின் அறைக்குப் போய்விட்டாள். அம்மா ஃபோன் செய்தால் எடுக்கவில்லை. உடம்பில் ஒரு குறையும் இல்லையென்று டாக்டர் சொன்னதையும் மேற்பார்வையாளர் காதில் போட்டுக்கொள்ளவில்லை. ஆனாலும் தினமும் காலையில் அவர் முன்னால் போய் நின்றாள்.

"இன்னைக்கு ஏறட்டுமா சார்?"

அம்மா தேடி வந்த அன்றும் மகள் அப்படித்தான் நின்றுகொண்டிருந்தாள். மூட்டை தூக்குகிறவர்களில் ஒருவன் அவளைக் காட்டி, "மயக்கம் மேடம் வந்தாச்சு, தண்ணி எடுத்து வைங்கப்பா," என்றான். எல்லாரும் சிரித்தார்கள். மகள் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. கேட்டருகே நின்ற அம்மாவுக்குத்தான் முகம் செத்துப்போனது. விறுவிறுவென்று உள்ளே வந்தாள்.

"சார், அவளுக்கு ஒரு மயக்கமும் கிடையாது. பயத்துல நான்தான் பொய் சொன்னேன். திட்டறதுன்னா என்னைத் திட்டுங்க. அவளை வேலை பாக்க விடுங்க."

அவர் நன்றாகவே திட்டினார். அம்மா தலைகுனியாமல் கேட்டுக்கொண்டாள். பிறகு மகளுக்குக் கிரேன் பக்கம் கைகாட்டினார்.

மகள் அம்மாவைக் கொஞ்சம் தள்ளி அழைத்துப் போனாள். "நான் வீட்டுக்குத் திரும்பி வரப் போறதில்லம்மா. தனியா ரூம் பாத்துட்டேன். லீவு நாள்ல வந்து பாக்கறேன்."

"கோவத்துல சொல்றியா?"

"கோவம் இருக்கு. அதுக்காக மட்டும் இல்ல."

அம்மா புடவைத் தலைப்பை இழுத்துச் செருகினாள். "சரி. ஆனா நீ ஏறறதை என்னால நின்னு பாக்க முடியாது."

"பாக்க வேண்டாம். கிளம்பு."

அம்மா கேட்டைத் தாண்டிச் சலவைக் கடைக்கு நடந்தாள். மகள் தலைக்கவசத்தை மாட்டிக்கொண்டு ஏணியில் கால் வைத்தாள். மேலே கூண்டின் கண்ணாடி முழுக்கத் தூசி படிந்திருந்தது. துடைத்துவிட்டு உட்கார்ந்தாள்.