அண்ணன் பெயரில் ஒரு குதிரை

குதிரையேறித் தடை தாண்டும் போட்டியில் ஆண்களோடு களமிறங்கிய முதல் பெண் நான்தான். "பொம்பளைக்கு எதுக்கு இந்த வேலை" என்று வேலியோரம் சிரித்தவர்கள், நான் கோப்பை வாங்கியதும் ஒவ்வொருவராக வேலியைவிட்டு நழுவினார்கள்.

அதோடு நிற்காமல் முப்பது வருடம் குதிரை வளர்த்தேன். எந்தப் பெட்டையை எந்தப் பொலிகுதிரையோடு சேர்த்தால் பின்னங்காலில் பலமும் தலையில் நிதானமும் உள்ள குட்டி பிறக்கும் என்பது எனக்கு மனப்பாடம். அப்படிப் பார்த்துப் பார்த்து ஐந்தாம் தலைமுறையில் பிறந்தவன் கருவாயன். அவன் அப்பன் போன வருடம் செத்துவிட்டான். அந்த வம்சத்தில் மிஞ்சிய ஒரே ஆண் இவன்தான். இந்த வருடம் பொலிக்கு விட இருந்தேன்.

ஒரே ஒரு முட்டாள்தனம் செய்திருந்தேன். அந்தக் காலத்தில் குதிரைச் சங்கம் பெண் பெயரில் எதையும் பதிவு செய்யாது. அண்ணன் பெயரைக் கொடுத்தேன். பிறகு விதி மாறியது, நான் மாறவில்லை. குட்டி பிறக்கும்போதெல்லாம் கை பழக்கத்தில் அவன் பெயரையே எழுதியது. கூடப் பிறந்தவன்தானே என்ற நினைப்பு.

வெளியூர்ப் போட்டிக்கு நடுவராகப் போய்த் திரும்பினேன். லாயத்தில் கருவாயன் பின்னங்கால்களை அகட்டி நின்றிருந்தான். தொடையில் மருந்து வழிந்திருந்தது. டாக்டர் கை கழுவிக்கொண்டிருந்தார்.

"என்ன டாக்டர் பண்ணீங்க?"

"விதையை எடுத்துக் காயடிச்சாச்சும்மா. உங்களுக்குத் தெரியும்னு அண்ணன் சொன்னாரே!"

"பொலிக்கு விட இருந்தவனையா!" என்று கத்தினேன். அண்ணன் நிதானமாக வந்தான்.

"ஏன் கத்துறே? இவனை விக்கப் போறேன். வாங்குறவர் பொண்ணு ஓட்டப் போறா. முரட்டுக் குதிரைன்னா பயப்படுறாங்க."

"என்னை ஒரு வார்த்தை கேட்டியா?"

"என் பேர்ல இருக்கிற குதிரைக்கு உன்னை எதுக்குக் கேக்கணும்?"

அறைந்திருக்க வேண்டும். கை எழவில்லை.

"நீதான் அந்தப் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கணும்" என்றான். "உன் பேரைக் கேட்டுத்தான் வாங்கவே வந்தாங்க."

காயம் ஆறிக் கருவாயன் அவர்கள் வீட்டுக்குப் போனதும் நானும் போனேன். வேறு யாராவது கடிவாளத்தை முரட்டுத்தனமாக இழுத்து அவன் வாயைக் கிழித்துவிடுவார்களே என்ற பயம்தான். பன்னிரண்டு வயதுப் பெண், பயப்படாத பிள்ளை. அவள் மேல் எனக்கென்ன கோபம்?

முதல் தடையைச் சுத்தமாகத் தாண்டிவிட்டு, மூச்சு வாங்கக் கேட்டாள்:

"ஆன்ட்டி, இவனுக்குக் குட்டி பிறந்தா எனக்கு ஒண்ணு தருவீங்களா?"

"குதிகாலைக் கீழே அழுத்து" என்றேன். "இன்னொரு தடவை தாண்டு."