பதினேழாம் அத்தியாயத்தின் கொலைகாரர்

துப்பறியும் கதைகளில் வரும் பாதிரியாருக்கு ஒரு சௌகரியம் உண்டு. பிணம் விழுந்த நாளில் அவருக்கு ஞானஸ்நானமோ, அடக்கப் பூசையோ, கூரை ஒழுகலோ இருக்காது. நிஜப் பாதிரியாருக்கு மூன்றும் ஒரே நாளில் வரும். இந்த ஃபாதருக்கு நாலாவதாக ஒரு தொடர்கதையும் இருந்தது.

ஒரு வார இதழில் புனைபெயரில் எழுதிக்கொண்டிருந்தார். கதையில் துப்பறிவதும் ஒரு பாதிரியார்தான். துப்பாக்கி கிடையாது. "சாப்பிட்டீங்களா?" என்று கேட்டுக் கேட்டே உண்மையைக் கறந்துவிடுவார். எழுதுவது யார் என்பது அவர் கோயிலைச் சேர்ந்த பங்கு மக்கள் அத்தனை பேருக்கும் தெரியும். தங்களுக்குத் தெரியும் என்பதை ஃபாதரிடம் மட்டும் சொல்லாமல் வைத்திருந்தார்கள்.

பன்னிரண்டாம் அத்தியாயத்தில் கதை படுத்துவிட்டது. அந்த வாரம்தான் நிஜக் கோயில் மணியின் நாக்கு காணாமல் போனது. மணிக்குள் தொங்குகிற இரும்புத் தண்டு, ஆறு கிலோ. காலை ஐந்து மணிக்குக் கோயில்பிள்ளை கயிற்றை இழுத்தார். மணி ஆடியது, சத்தம் வரவில்லை. கோயிலைத் திறப்பது, மெழுகுவர்த்தி ஏற்றுவது, மணி அடிப்பது எல்லாம் அவர் வேலை. கோபுரத்தை ஒட்டி அவருக்கு ஒரு வீடு, வேலையோடு சேர்ந்தது.

"சாமி, நாக்கைக் காணோம்," என்று அவரே வந்து சொன்னார்.

ஃபாதர் மனம் நொந்தார். மத்தியானத்துக்குள் அதே நாக்கால் கதையில் ஒரு மரவியாபாரியின் மண்டையை உடைத்தார். கதை எழுந்து உட்கார்ந்துவிட்டது.

கோயில் நிர்வாகத்தைப் பார்க்கிற பங்குப் பேரவையின் செயலாளர் ஓய்வுபெற்ற வரி அதிகாரி. பட்டப்பெயர் பூதக்கண்ணாடி. நிஜத் திருட்டையும் கதைத் திருட்டையும் அவர் ஒரே கோப்பில் போட்டுக்கொண்டார்.

"ஃபாதருக்கு எல்லாம் தெரியும்யா. வாராவாரம் கொஞ்சம் கொஞ்சமா விடறார். வர்ற வெள்ளிக்கிழமை கடைசி அத்தியாயம். எவன்னு தெரிஞ்சதும் சீட்டைக் கிழிச்சிடலாம்," என்று பேரவையில் சொன்னார்.

ஃபாதருக்கு உண்மையில் ஒன்றுமே தெரியாது. பதினேழாம் அத்தியாயத்தை எழுதி அனுப்பிவிட்டு நிம்மதியாக இருந்தார். அதில் கொலைகாரன் கோயில்பிள்ளை. காரணம், பதினாறு அத்தியாயத்தில் அவன் ஒரு வாக்கியம்கூடப் பேசவில்லை. நாக்கை அவன் ஒளித்துவைத்த இடம், பாவத்தை அறிக்கையிடும் பாவசங்கீர்த்தனக் கூண்டில் பாதிரியார் உட்காரும் பலகைக்கு அடியில். காரணம், பாதிரியாரை எழுந்திருக்கச் சொல்லிவிட்டு யாரும் தேட மாட்டார்கள்.

சனிக்கிழமை நாலு மணிக்கு ஃபாதர் கூண்டில் உட்கார்ந்தார். திரைக்கு அந்தப் பக்கம் இருமல் கேட்டது. பன்னிரண்டு வருடமாகக் காலைப் பூசையில் கேட்கிற இருமல்.

"சாமி, நாக்கை எடுத்தது நான்தான்."

ஃபாதர் கண்ணை மூடிக்கொண்டார்.

"பொண்ணு பிரசவத்துக்கு வந்திருக்கா. குழந்தை ராத்திரி முழுக்க அழுதுட்டு நாலரைக்குத்தான் கண்ணை மூடுது. அஞ்சு மணிக்கு நானே போய் மணியடிச்சு எழுப்பிவிட்டுட்டிருந்தேன். ஒரு வாரம் பார்த்தேன். பொண்ணு மூஞ்சியப் பார்க்க முடியலை."

"என்கிட்ட சொல்லியிருக்கலாமே."

"போன வருஷம் சிலபேர் சொல்லிப் பார்த்தாங்களே. ஆறு மணிக்கு அடிச்சா என்னன்னு பேரவைல கேட்டதுக்கு, விசுவாசம் குறையுதுன்னு ரெண்டு மணி நேரம் பேசினார் செயலாளர்."

"இப்ப அது எங்க இருக்கு?"

"நீங்க அது மேலதான் உட்கார்ந்திருக்கீங்க, சாமி."

ஃபாதர் எழுந்திருக்கவில்லை. உடம்பு மட்டும் கொஞ்சம் லேசானது. பாவப்பொறுத்தல் கொடுத்தார். ஒரு ஜெபமாலை சொல்லச் சொன்னார், நாக்கைத் திருப்பி மாட்டச் சொன்னார்.

"மாட்டணும்தான். ஆனா கோபுரத்துக்குச் செயலாளர் வேற பூட்டு போட்டு சாவியை இடுப்புல வச்சிருக்காரே."

"வழி கிடைக்கிறப்ப மாட்டுங்க."

இந்த இடத்தில் ஒரு சட்டம் சொல்ல வேண்டும். பாவசங்கீர்த்தனத்தில் கேட்டதைப் பாதிரியார் வெளியே விடக்கூடாது. விட்டால் குருத்துவம் போய்விடும். பேச்சு மட்டுமல்ல, கண்ஜாடை, முகக்குறிப்பு, எல்லாமே சேர்த்தி. சொன்ன ஆளிடமேகூடக் கூண்டுக்கு வெளியே அந்தப் பேச்சை எடுக்கக்கூடாது. ஐந்து நிமிடம் கழித்துக் கோயில்பிள்ளை வந்து, "மெழுகுவர்த்தி தீர்ந்துபோச்சு, சாமி," என்றார். "வாங்கிடலாம்," என்றார் ஃபாதர். இருவரும் மெழுகுவர்த்தியைப் பற்றி வழக்கத்தைவிட அதிக நேரம் பேசினார்கள்.

பிறகுதான் ஃபாதருக்கு வெள்ளிக்கிழமை ஞாபகம் வந்தது. ஆளும் இடமும் அச்சில் வரப்போகின்றன. பூதக்கண்ணாடி பலகையைத் தூக்குவார். கோயில்பிள்ளைக்கு வேலையும் வீடும் போகும், கைக்குழந்தையோடு மகள் தெருவில் நிற்பாள். கேட்டதை எழுதிக் காசாக்கினார் என்று ஃபாதரின் அங்கியும் போகும். முன்பே எழுதியது என்று சொல்லித் தப்பலாமென்றால், எதற்கு முன்பே என்று கேட்பார்கள்.

வார இதழின் ஆசிரியைக்குப் போன் போட்டார்.

"கொலைகாரனை மாத்தணும்."

"ஃபாதர், படமே வரைஞ்சாச்சு. கோயில்பிள்ளை கையில நாக்கோட, கண்ணு சிவந்து, பிரமாதமா இருக்கான்."

"அவன் வேண்டாம்."

"ஏன், என்ன தப்பு?"

"சொல்ல முடியாது."

"கதை எழுதறவங்க எல்லாம் இப்படித்தான் படுத்தறீங்க. திங்கட்கிழமை மத்தியானம் வரைக்கும் டயம். அப்புறம் அழுதாலும் நடக்காது."

ஞாயிறு பூசை முடிந்ததும் திருத்தி எழுத உட்கார்ந்தார். பாடகர் குழுத் தலைவியைக் கொலைகாரி ஆக்கலாம் என்றால், நிஜத்தில் ஒரு தலைவி இருந்தாள். பூதக்கண்ணாடி அவள் வீட்டுப் பரணை இறக்கிவிடுவார். மின்சாரக்காரரைப் போட்டாலும் அதே கதி. யாரை எழுதினாலும் ஒரு நிரபராதி வீட்டில் சோதனை. திருத்துவதே கேட்டதைப் பயன்படுத்திய குற்றமா என்று இறையியல் புத்தகத்தைப் புரட்டினார். சூதாட்டம், விஷம், சதி எல்லாவற்றுக்கும் பதில் இருந்தது, தொடர்கதைக்கு இல்லை. கடைசியில் நிஜத்தில் சோதனை போட்டால் தன்னைத் தவிர யாருக்கும் நஷ்டமில்லாத ஒரே ஆள் மிஞ்சினார். துப்பறிந்த பாதிரியாரே கொலைகாரர் என்று எழுதினார். நாக்கு அவருடைய கட்டிலுக்கு அடியில்.

"ஃபாதர்! இதை நீங்க முதல்லயே எழுதியிருக்கணும்!" என்று ஆசிரியை போனில் கத்தினாள்.

வெள்ளிக்கிழமை பத்து மணிக்குப் பூதக்கண்ணாடி, இதழைச் சுருட்டிப் பிடித்துக்கொண்டு, பேரவை உறுப்பினர் எட்டுப் பேரோடு ஃபாதரின் அறைக்கு வந்தார். கோயில்பிள்ளை பின்னால் நின்றார்.

"தப்பா எடுத்துக்காதீங்க, ஃபாதர். கட்டிலுக்கு அடியில ஒரு பார்வை."

"பாருங்க."

முட்டி போட்டுப் பார்த்தார்கள். ஒரு ஜோடி செருப்பு, காலியான இருமல் மருந்துப் புட்டி, பாதி எழுதிய பிரசங்கம். பிரசங்கத்தை ஒரு உறுப்பினர் சத்தமாகப் படிக்கத் தொடங்க, இன்னொருவர் பிடுங்கி உள்ளேயே வைத்தார்.

"சரி, இங்க இல்லை," என்றார் பூதக்கண்ணாடி. "நேராவே கேக்கறேன். எடுத்தது யாருன்னு உங்களுக்குத் தெரியுமா?"

தெரியாது என்றால் வேலை சுலபம். ஆனால் ஃபாதருக்குப் பொய் சொல்லும்போது காது சிவக்கும். "இந்த மாதிரிக் கேள்விக்கு நான் பதில் சொல்றதில்லை," என்றார். காது சிவக்கவில்லை. பூதக்கண்ணாடியின் முகம்தான் சிவந்தது.

"அப்ப கோயில் முழுக்கத் தேடறோம். பீடம், பாட்டுப் புத்தகப் பெட்டி, பாவசங்கீர்த்தனக் கூண்டு, ஒண்ணு விடாம."

ஃபாதர் எதையும் தடுக்கவில்லை. தடுத்தால் அதுவே ஜாடை. அவர்களோடு கோயிலுக்குள் நடந்தார். அவர்கள் பீடத்தில் ஆரம்பித்தார்கள், பாட்டுப் புத்தகப் பெட்டியைத் திறந்து மூடினார்கள். பிறகு கூண்டின் பக்கம் திரும்பினார்கள். ஃபாதர் தூணோரம் நின்று கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார். பூதக்கண்ணாடி பலகையின் விளிம்பைப் பிடித்தார்.

"அண்ணே, விடுங்க. நான் எடுத்துத் தரேன்," என்றார் கோயில்பிள்ளை.

அவரே பலகையைத் தூக்கி, அடியிலிருந்து பழைய துணியில் சுற்றிய நாக்கை எடுத்து நீட்டினார். குழந்தை, நாலரை மணி, மகளின் முகம் எல்லாவற்றையும் சொன்னார். ஃபாதர் பெயரை இழுக்கவில்லை. சொல்லி முடித்ததும் இருமினார்.

"பன்னிரண்டு வருஷம் மணியடிச்ச ஆளா இப்படி!" என்றார் பூதக்கண்ணாடி. குரலில் கோபத்தைவிட ஏமாற்றம் அதிகம். ஃபாதராக இருக்கும் என்று அவர் ரொம்ப நம்பியிருந்தார்.

அங்கேயே நின்றபடி பேரவை கூடியது. வேலையை விட்டு அனுப்ப வேண்டும் என்றார் பூதக்கண்ணாடி. பாடகர் குழுத் தலைவி, இந்த ஐந்து வாரமாகத்தான் தன் மாமியார் காலையில் திட்டாமல் எழுந்திருக்கிறார் என்றாள். மின்சாரக்காரர், நைட் ஷிஃப்ட் முடிந்து வருகிறவனுக்குத்தான் அருமை தெரியும் என்றார். கையைத் தூக்கச் சொன்னார்கள். அனுப்ப நாலு பேர், வைத்துக்கொள்ள ஐந்து பேர். மணி இனிமேல் ஆறு மணிக்கு. ஃபாதருக்கு ஓட்டு இல்லை. அவர் சுவரைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

இரண்டு வாரம் கழித்து மறைமாவட்டத் தலைவரான ஆயர் கூப்பிட்டனுப்பினார். மேஜையில் இதழ் இருந்தது, நாற்பது புகார்க் கடிதங்களும் இருந்தன.

"கதை எழுதிக்கோன்னு நான்தான் சொன்னேன். ஆனா குருவானவரையே கொலைகாரனாக்குவீங்கன்னு சொல்லலையே. ஏன் இப்படி?"

கோயில்பிள்ளை தன் வாயால் ஊருக்கே சொல்லியாகிவிட்டது. ஆனால் ஃபாதர் கூண்டில் கேட்டது கேட்டதுதான். அது இன்னும் பூட்டியேதான் இருந்தது.

"கதை அப்படிப் போயிடுச்சு, ஆண்டகை."

"இனிமே எழுத வேண்டாம்."

ஃபாதரின் தலை கொஞ்சம் தாமதமாக ஆடியது. அடுத்த கதைக்கு அவர் ஏற்கெனவே ஒரு பல் டாக்டரைக் கொன்று வைத்திருந்தார்.

"சரிங்க, ஆண்டகை."

ஆயர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். கோபம் தணிந்து அக்கறை வந்திருந்தது. "உங்க நல்லதுக்குத்தான் சொல்றேன். ஒரு கோயில்பிள்ளையைக் கொலைகாரனாப் போட்டிருந்தா யாருக்கு என்ன நஷ்டம் வந்திருக்கும், சொல்லுங்க?"

ஃபாதர் எழுந்து விடைபெற்றார். மூன்றரை மணி பஸ்ஸைப் பிடிக்க வேண்டியிருந்தது. மாலையில் ஒரு அடக்கப் பூசை.