அறுபத்தெட்டாம் நாள் குடைமிளகாய்

குடைமிளகாயின் அடியைக் கொஞ்சம் சீவினால்தான் பாத்திரத்தில் நிமிர்ந்து நிற்கும். கூடச் சீவினால் ஓட்டை விழும். உள்ளே அடைத்தது அத்தனையும் சாறாக ஒழுகிவிடும். இதைக் கற்றுக்கொள்ள எனக்குப் பதினொரு காய் பாழானது. அந்த ஞாயிற்றுக்கிழமை ஆறு காயையும் சிப்பாய் மாதிரி நிறுத்தி வைத்திருந்தேன். ஆறும் பச்சை. சிவப்பிலும் மஞ்சளிலும் இனிப்பு அதிகம் என்று நானே வீட்டுக்குள் தடை போட்டிருந்தேன். அப்பாவின் பேலியோ பத்தியத்தில் அன்று அறுபத்தெட்டாம் நாள்.

அரிசி கிடையாது. கோதுமை, பருப்பு, பால், தயிர், சர்க்கரை, கிழங்கு, பழம், கேரட் எதுவும் கிடையாது. கறி, முட்டை, கீரை, சில காய்கள், எண்ணி எடுத்த பாதாம். குகையில் இருந்த மனிதன் என்ன தின்றானோ அதை மட்டும் தின்றால் சர்க்கரை தானாக இறங்கும் என்று போனில் நான் சேர்ந்திருந்த குழுவில் நாலாயிரம் பேர் சத்தியம் செய்தார்கள். அப்பாவுக்கு அந்தக் குகைக்காரன் மேல் தீராத கோபம்.

"அவனுக்குக் குடைமிளகாய் யாரு பாப்பா வித்தா? தள்ளுவண்டி போச்சா குகைக்கு?"

"பேசாம சாப்பிடுங்கப்பா."

"சாப்பிடறேன். சந்தேகம் கேட்டேன். படிச்சவன்னா பதில் சொல்லணும்ல?"

அப்பா சரக்குக் கிடங்கில் மூட்டை இறக்கும் ஆட்களுக்கு மேஸ்திரி. முப்பது வருஷம் நின்றே வேலை பார்த்தவர். செருப்பைத் துளைத்து ஏறிய ஆணியால் வலது கால் கட்டைவிரலில் புண் வந்தது, ஆறவில்லை. பெரியாஸ்பத்திரி டாக்டர் சுற்றி வளைக்காமல் சொன்னார்: "ஊசியை விடாம போடுங்க. மாசம் ஒருதரம் வந்து காட்டுங்க. சக்கரை கட்டுக்குள்ள வந்தா விரல் தப்பிக்கும். வரலைன்னா விரல் போயிடும். அதோட நிக்குமான்னு நான் சொல்ல முடியாது." வெளியே வந்து பெஞ்சில் உட்கார்ந்த அப்பா, செருப்பை மாட்டாமல் காலையே பார்த்துக்கொண்டிருந்தார். நான்தான் சொன்னேன்: "ஒரு விரலும் போகாது. நான் பாத்துக்கறேன்."

எங்கள் குடும்பத்தில் காலேஜ் படி மிதித்த முதல் ஆள் நான். படித்தது புள்ளியியல். ஆனால் எங்கள் ஆட்களுக்கு எல்லாப் படிப்பும் ஒரே படிப்பு. மாமாவின் வீட்டு வழக்கு, அத்தையின் தைராய்டு மாத்திரை, பக்கத்து வீட்டு வாஷிங் மெஷின், எல்லாவற்றுக்கும் ஒரே பதில்: "பாப்பா படிச்சவ, அவளைக் கேளு." கேட்பார்கள். எனக்கும் தெரியாது என்று சொல்லிப் பழக்கமில்லை.

முதல் மூன்று வாரம் சர்க்கரை ரீடிங் அழகாக இறங்கியது. இருபத்திரண்டாம் நாள் காலை இருநூற்று நாற்பத்து மூன்று. புண்ணுக்குக் கட்டு மாற்ற வரும் நர்ஸ் அக்காவுக்கு முன்னாலேயே நான் கத்தினேன்.

"என்னத்தத் திருடித் தின்னீங்க?"

"ஒண்ணும் திங்கலம்மா."

"மிஷின் பொய் சொல்லாதுப்பா. நீங்கதான் சொல்வீங்க. கிடங்குப் பக்கம் போய் பன்னு தின்னீங்களா, டீ குடிச்சீங்களா?"

நர்ஸ் அக்கா பஞ்சைப் பார்த்துக்கொண்டே, "புண்ணுல சீழ் இருந்தாலும் சக்கரை ஏறும் பாப்பா. டாக்டர்கிட்ட ஒரு தடவை காட்டிடேன்" என்றார். நான் அவரைப் பார்த்துக் கேட்டது இது: "நீங்க டிகிரி முடிச்சிருக்கீங்களாக்கா?"

இல்லை என்று தலையாட்டிவிட்டு அவர் கட்டைக் கட்டினார்.

இரண்டு நாள் நான் சாப்பிடவில்லை. அப்பாவோடு பேசவுமில்லை. மூன்றாம் நாள் காலை அம்மா மெஷினைக் கொண்டுவந்து நீட்டினாள். நூற்றுப் பன்னிரண்டு. அதற்குப் பிறகு ஏறவே இல்லை. நான் ஏழு மணிக்கே வேலைக்கு ஓட வேண்டியிருந்ததால் குத்திப் பார்ப்பது அம்மாவின் பொறுப்பு. திரையில் இருக்கும் எண்ணைக் குறித்துக்கொள்வது என் பொறுப்பு. வரைபடம் போட்டேன். குழுவில் பதிந்தேன். அட்மின் அண்ணன் கைதட்டும் பொம்மை எட்டு அனுப்பி, "ஊசியைப் பாதியாக்கலாம் தங்கச்சி" என்றார். பாதியாக்கினேன். நாற்பத்து நான்காம் நாள் ஊசியையே நிறுத்தினேன். மாதாந்திரப் பரிசோதனைக்கும் கூட்டிப்போகவில்லை. போனால் டாக்டர் ஒரு கைப்பிடி சோறு சாப்பிடச் சொல்வார், எல்லாம் கெட்டுப்போகும்.

நான் பார்க்கும் வேலையையும் சொல்லிவிடுகிறேன், வெட்கமாகத்தான் இருக்கிறது. தண்ணீர் மீட்டர் கணக்கைச் சரிபார்க்கும் ஆபீஸ். வீடு வீடாகப் போகாமல் டீக்கடையில் உட்கார்ந்து ரீடிங் எழுதிக்கொண்டு வரும் ஆட்களைப் பிடிப்பதற்குத்தான் எனக்குச் சம்பளம். உண்மையான எண் கோணல்மாணலாக வரும். பொய் எண் தலைசீவி, பவுடர் பூசி, வரிசையில் வந்து நிற்கும். பத்து வரி பார்த்தால் போதும், ஆளைச் சொல்லிவிடுவேன். அந்த நானே சாயங்காலம் வீட்டுக்கு வந்து 104, 108, 101, 106 என்று எழுதிவிட்டு மனசு குளிர்ந்து தூங்கினேன்.

அந்த ஞாயிறு கொத்துக்கறியை வெங்காயம், பூண்டு, மிளகோடு தண்ணீர் சுண்டும்வரை வதக்கி ஆறவைத்திருந்தேன். சோற்றுக்குப் பதிலாகக் காலிஃபிளவரைத் துருவி உப்புப் போட்டுப் பிசறி வைத்திருந்தேன். அதை ஒட்டப் பிழியவேண்டும். ஈரம் இருந்தால் முட்டை ஊற்றினாலும் பிடிக்காது, கூடு குழைந்துவிடும். என் கை கறியில் இருந்தது.

"அம்மா, இதைக் கொஞ்சம் பிழிஞ்சு குடு."

அம்மா கரண்டியை எடுத்தாள்.

"கரண்டியால எப்படிப் பிழிவ? கையால பிழிம்மா."

கையை விட்டாள். அழுத்தினாள். "ஸ்ஸ்" என்று பல்லைக் கடித்துக் கையை இழுத்துக்கொண்டாள்.

"என்ன ஆச்சு?"

"ஒண்ணுமில்ல. கேரட் துருவுனப்போ பட்டிருக்கும்."

"கேரட் இந்த வீட்டுக்குள்ள வந்து ரெண்டு மாசம் ஆச்சு."

இரண்டு கையையும் பிடித்து இழுத்து ஜன்னல் வெளிச்சத்தில் விரித்தேன். பத்து விரல்நுனியிலும் கடுகு சிதறினாற்போலக் கறுப்புப் புள்ளிகள். பழையவை காய்த்திருந்தன, புதியவை சிவந்திருந்தன. இரண்டில் உப்புத் தண்ணீர் ஏறி ரத்தம் துளிர்த்தது.

எனக்குப் புரிந்துவிட்டது. ஆனாலும் கேட்டேன். "அம்மா, தினம் யாருக்குக் குத்தற?"

அம்மா முந்தானையால் கையைச் சுற்றிக்கொண்டாள்.

"சொல்லும்மா. அப்பாவுக்குத்தானே?"

"கத்தாத பாப்பா. அடுப்பைப் பாரு."

கூடத்திலிருந்து அப்பாவின் குரல் வந்தது. "என்னம்மா அங்க? குண்டுக்கு மருந்து அடைக்கறப்போ வெடிச்சிடுச்சா?"

நான் கறி படிந்த கையோடு போய் அவர் முன்னால் நின்றேன். நாற்காலியில் காலைத் தூக்கி வைத்திருந்தார். அறுபத்தெட்டு நாளில் சட்டை இரண்டு அளவு பெரிதாகியிருந்தது. கையைக் காட்டுங்கள் என்றேன். காட்டினார். மூட்டை தூக்கித் தூக்கி மரப்பட்டையாகிவிட்ட விரல்கள். ஒரு புள்ளி இல்லை.

"அவளைத் திட்டாத. நான்தான் சொன்னேன்" என்றார்.

"ஏன்ப்பா?"

"நீ ரெண்டு நாள் பட்டினி கிடந்தியே. வெறும் வயித்தோட பஸ்ஸுல போனியே."

"அதுக்காக? நீங்க திருட்டுத்தனமா எதையாச்சும் தின்னுட்டு..."

"ஒரு பருக்கை திங்கல." அப்பா முதல்முறையாகக் குரலை உயர்த்தினார். அடுத்த நொடியே இறக்கிக்கொண்டார். "நீ குடுத்ததைத் தவிர எதுவும் வாயில வைக்கல பாப்பா. அன்னிக்கும் வைக்கல. நீ நம்பல. நம்ப வைக்கறதுக்கு எனக்குத் தெரியல."

அம்மா கதவோரம் நின்றபடி சொன்னாள்: "நீ எழுதுன எதுலயும் தோத்ததில்ல. இதுல தோத்துட்டன்னு ஆயிடக்கூடாதுன்னு நெனச்சோம். நாளைக்கு எறங்கிடும், நாளைக்கு எறங்கிடும்னு பாத்தோம்."

"என்னம்மா பேசற, இது பரீட்சையா?"

"எங்களுக்கு என்னடி தெரியும்?"

மெஷினை எடுத்தேன். அப்பாவின் தோல் தடித்திருந்ததால் இரண்டு முறை குத்த வேண்டியிருந்தது. ஐந்து நொடி. நானூற்று முப்பத்தாறு.

அப்பா எட்டிப் பார்த்தார். "ரொம்பவா?"

வாயைத் திறந்திருந்தால் யாரைத் திட்டியிருப்பேன் என்று எனக்கே தெரியவில்லை. அவர் நெற்றியில் கை வைத்தேன். சுட்டது. எத்தனை நாளாகச் சுடுகிறது என்று கேட்டதற்கு, "வெயில்தானே" என்றார்.

நர்ஸ் அக்கா பன்னிரண்டு மணிக்கு வந்தார். முந்தின ஒரு வாரம் அவர் ஊருக்குப் போயிருந்தார். அப்பா தன் கட்டைத் தானே மாற்றிக்கொண்டதாகச் சொல்லியிருந்தார், அதையும் நான் நம்பியிருந்தேன். பழைய துணி ஒட்டிக்கொண்டிருந்தது. தண்ணீர் விட்டு விட்டுப் பிரித்தார். வதக்கிய பூண்டின் வாசனையைத் தள்ளிக்கொண்டு வேறொரு நாற்றம் கூடம் முழுக்க ஏறியது. கட்டைவிரல் கரி. பக்கத்து விரலும் கரி. பாதம் வீங்கி மினுமினுத்தது. கணுக்காலுக்கு மேலே பென்சிலால் இழுத்தாற்போல ஒரு சிவப்புக் கோடு ஓடியது.

"மேஸ்திரி, இங்க அமுக்கறேன், தெரியுதா?"

"எங்க அமுக்கற?"

அக்கா கையை எடுத்துவிட்டார். என் பக்கம் திரும்பி, "ஆட்டோ கூப்பிடு. இப்பவே" என்றார். அன்றைக்கு நான் கேட்ட கேள்விக்கு அவர் என்னை ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. குனிந்து அப்பாவின் காலுக்குச் சுத்தமான துணியைச் சுற்றிக்கொண்டிருந்தார்.

அம்மா அடுப்பை அணைத்துவிட்டு வந்தாள். அப்பா சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே கேட்டார்: "ஒண்ணு தின்னுட்டுப் போலாமா? காலைலேருந்து ஒண்ணும் சாப்பிடல."

"வேணாம் மேஸ்திரி. ஆபரேஷன்னு சொன்னா வயிறு காலியா இருக்கணும்."

அந்த வார்த்தை கூடத்தின் நடுவில் கிடந்தது. அப்பாதான் அதைத் தாண்டி வந்தார். "அறுபத்தெட்டு நாளா இதைத் திங்காம இருக்க ஒரு சாக்கு தேடிட்டிருந்தேன்" என்று சிரித்தார்.

அவசரப் பிரிவில் இளம் டாக்டர் ஒருவர். ஊசி எவ்வளவு போடுகிறீர்கள் என்று கேட்டார். நிறுத்திவிட்டோம் என்றேன். யார் நிறுத்தச் சொன்னது? நான்தான் என்றேன். நீங்கள் என்ன படித்திருக்கிறீர்கள்? சொன்னேன். அவர் எழுதுவதை நிறுத்திவிட்டு என்னைப் பார்த்தார். பிறகு ஸ்கேன், ரத்தம், இன்னொரு பெரிய டாக்டர். பெரிய டாக்டர் அரை நிமிஷம்தான் பேசினார். விஷம் மேலே ஏறிக்கொண்டிருக்கிறது. இன்றைக்கே எடுத்தால் முழங்கால் மிஞ்சும். நாளைக்கு என்றால் உயிருக்கே உத்தரவாதமில்லை.

நர்ஸ் ஒருத்தி படிவத்தோடு வந்தாள். "யாரு இதைப் படிச்சுப் பாத்துக் கையெழுத்துப் போடறீங்க?"

அம்மா என்னைப் பார்த்தாள். கட்டிலில் படுத்திருந்த அப்பாவும் என்னைத்தான் பார்த்தார். இன்னமும் என்னைத்தான்.

படித்தேன். இரண்டு பக்கம். ஒரு வரி விடாமல் படித்தேன். எல்லாம் எனக்குப் புரிந்தது, அதுதான் கொடுமை.

"என்ன போட்டிருக்கு பாப்பா?"

"கால் எடுக்கணுமாம்ப்பா."

"விரலா?"

"இல்லப்பா."

அவர் கூரையைப் பார்த்தார். "எதுவரைக்கும்?" என்றார்.

போர்வையை விலக்கி, அவர் முழங்காலுக்கு நாலு விரல் கீழே என் கையைக் குறுக்காக வைத்துக் காட்டினேன். தலையைத் தூக்கிப் பார்த்தார். கிடங்கில் மூட்டை அடுக்கின உயரத்தைக் கண்ணால் அளப்பாரே, அதே பார்வை. என் கை இருந்த இடத்தையும் அதற்குக் கீழே இருந்த காலையும் ஒருமுறை பார்த்துக்கொண்டார்.

"சரி, கையை எடு. கூசுது" என்றார்.

எடுத்தேன். பேனா வாங்கி, 'உறவு' என்று இருந்த கோட்டில் மகள் என்று எழுதினேன்.