மூக்கைத் தூக்கி நின்ற மாப்பிள்ளை

1966ஆம் வருஷம் தீபாவளி வாரத்தில், சிதம்பரத்தை அடுத்த குமராட்சியில் உத்திராபதியின் வயலுக்கு மேலே, பனைமர உயரத்தில், அவருடைய மருமகன் சிற்றம்பலம் ஓட்டி வந்த விமானம் மூக்கை வானத்துக்குத் தூக்கியபடி நின்றுவிட்டது. பயிருக்குச் சேதமில்லை. சிற்றம்பலத்துக்குப் பெங்களூரில் வேலை. மூக்கை எவ்வளவு செங்குத்தாகத் தூக்கினால் விமானம் விழும் என்று பார்ப்பதற்கென்றே செய்த விமானங்களை ஓட்டிப் பார்க்கும் வேலை. விழும் என்று கணக்குப் போட்ட இடத்தில் இது விழவில்லை. மறுநாள் பெட்ரோல் தீர்ந்து இன்ஜின் அடங்கியது, அப்போதும் நின்றது. பெங்களூரிலிருந்து வந்த அதிகாரிகள் அண்ணாந்து பார்த்துக் கழுத்து வலி கண்டு, தீபாவளி லீவுக்குப் போய்விட்டார்கள்.

ஊருக்கு இதில் புரியாதது ஒன்றுமில்லை. தலை தீபாவளிக்கு வரும் மாப்பிள்ளை முறுக்கிக்கொள்வது எங்கும் உள்ளதுதான். ஒருவர் பந்தியில் உட்கார மாட்டார், இன்னொருவர் வண்டியை விட்டு இறங்க மாட்டார். இவர் ஏறி வந்த வண்டி இப்படி, அவ்வளவுதான். உத்திராபதி சிதம்பரம் போய்க் கைக்கடிகாரம் வாங்கி வந்து, பக்கத்துப் பனையில் ஆள் ஏற்றி, அதிரசத்தோடு தூக்குவாளியில் வைத்து அனுப்பினார்.

“என்னா கொறைன்னு வாயத் தொறந்து சொல்லுங்க மாப்ள.”

“கொறையெல்லாம் ஒண்ணுமில்ல மாமா. மூக்கு எறங்க மாட்டேங்குது.”

முறுக்கிய மாப்பிள்ளை எவர்தான் குறையை நேராகச் சொல்லியிருக்கிறார்? அடுத்ததாக ஒரு சைக்கிள் கயிற்றில் மேலே போனது. இங்கே ஓட்ட இடமில்லை என்று சிற்றம்பலம் திருப்பி அனுப்பினார். அப்படியானால் மோட்டார் சைக்கிள் கேட்கிறார் என்று ஊர் முடிவு கட்டியது. உத்திராபதி உழவு மாடுகளை விற்கக் கிளம்பினார்.

இதற்குள் அவர் மகள் ஞானாம்பாள் பாதி உயிராகிவிட்டாள். கல்யாணமாகிப் புருஷனோடு சேர்ந்திருந்த நாட்களே குறைவு. தலை தீபாவளி ஒரு தடவைதான் வரும், அதுவும் இப்படிப் போகிறதே என்று நினைத்து நினைத்து அழுதாள். மாடுகளை அவிழ்ப்பதைப் பார்த்ததும் அழுகை நின்று ஆத்திரம் வந்தது.

“மாட்ட அவுக்காதப்பா. கோவமா இருக்கறவரு அதிரசம் இன்னும் ரெண்டு அனுப்புங்கன்னு கேப்பாரா? அவரால எறங்க முடியல. நான் ஏறிக்கிறேன்.”

தீபாவளியன்று விடிந்தும் விடியாமல் நல்லெண்ணெய், சீயக்காய், ஒரு பெரிய தவலை வெந்நீர், புதுத்துணி எல்லாம் கயிற்றில் மேலே போயின. பின்னாலேயே ஏணி வைத்து அவளும் போனாள். உத்திராபதி வயலில் நின்று கைகளைப் பிசைந்துகொண்டிருந்தார். அந்த வாரத்தில் முதல் தடவையாக மகள் சிரிக்கும் சத்தம் கேட்டது. சற்று நேரத்தில் வெந்நீரும் சீயக்காயும் எண்ணெய்ப் பிசுக்குமாக அவர் தலையில் கொட்டின. மாப்பிள்ளை குளித்தாயிற்று. உத்திராபதிக்கு அங்கிருந்து நகர மனம் வரவில்லை. கண் எரிய, நனைந்தபடியே நின்று, வீட்டைப் பார்த்துக் குரல் கொடுத்தார்.

“இட்லி ரெண்டு பேருக்கு எடுத்தாங்க.”

அன்றிலிருந்து அந்த வீட்டில் மேலே இரண்டு பேர் என்று சேர்த்தேதான் மாவு அரைத்தார்கள். இரண்டு வருஷம் கழித்து மூன்று பேருக்கு.