இடப்பக்கம் வந்த மஞ்சள் கார்

மஞ்சள் கார் எங்கிருந்து வந்தது என்று தங்கதுரைக்குத் தெரியவில்லை. பாதை காலியாகத்தான் இருந்தது. இடப்பக்கம் கொஞ்சம் ஒதுங்கினார். அடுத்த கணம் டிவி முழுக்க மஞ்சளாகி, கையிலிருந்த கன்ட்ரோலர் அதிர்ந்து, அவருடைய கார் தடுப்புச் சுவரில் மோதி மல்லாந்துவிட்டது. சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்ததிலிருந்து இது நாலாவது தடவை.

"சனியன், மறுபடியும் தாவுது" என்றார்.

கட்டிலில் உட்கார்ந்து பூண்டு உரித்துக்கொண்டிருந்த வளர்மதி தலையை நிமிர்த்தாமலே சொன்னாள்: "ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்."

தங்கதுரைக்கு உள்ளங்கை வேர்த்து கன்ட்ரோலர் வழுக்கியது. அதை லுங்கியில் துடைத்துக்கொண்டார்.

பஸ் ஓட்டிப் பிழைக்கிற மனுஷன், ஓய்வு நாளிலும் உட்கார்ந்து காரோட்டுகிறாரே என்று தெருவில் சிரிக்காதவர்கள் கிடையாது. சிரிக்கட்டும். சென்னையில் வேலை பார்க்கும் மகன் நிலவன் போன தீபாவளிக்குப் பெரிய டிவியும் கேம் கன்சோலும் கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனதிலிருந்து, புருஷன் பெண்டாட்டி இரண்டு பேருமே அதில்தான் விழுந்து கிடக்கிறார்கள். ஒருநாள் விட்டு ஒருநாள் டூட்டி. வீட்டிலிருக்கும் நாளில் டிவிக்கு மூன்றடி தள்ளித் தரையில் சம்மணம் போட்டு உட்கார்ந்தார் என்றால், காப்பி ஆறிப்போகும். உண்மையைச் சொல்லப்போனால் வளர்மதிதான் அவரைவிட நன்றாக ஓட்டுவாள்.

ஆனால் இந்தப் பன்னிரண்டு நாளாக அவர் விளையாடவே இல்லை. விளையாடுவது போல உட்கார்ந்து, ஒரு பயத்தைச் சோதித்துப் பார்த்துக்கொண்டிருந்தார். அது வளர்மதிக்கும் தெரியாது.

பன்னிரண்டு நாளைக்கு முன்னால், கருவேப்பிலங்குறிச்சி தாண்டி, சைக்கிளில் புல்லுக்கட்டு வைத்துக்கொண்டு ஒருவன் பஸ்ஸுக்கு முன்னால் இடப்பக்கத்தில் முளைத்தான். வந்தான் என்று சொல்ல முடியாது, முளைத்தான். பின்படியில் நின்ற கண்டக்டர் சக்கரபாணி "அண்ணே!" என்று அலறிய அலறலில்தான் பிரேக்கை மிதித்தார். உள்ளே இருந்தவர்கள் ஒருவர்மேல் ஒருவர் விழுந்தார்கள். "கண்ண எங்கய்யா வச்சிருக்க?" என்று சைக்கிள்காரனை ஏசித் தீர்த்தார். அவன் ஒரு காலைத் தரையில் ஊன்றி, புல்லுக்கட்டைப் பிடித்தபடி அவரையே பார்த்துக்கொண்டு நின்றான். அந்தப் பார்வையைத்தான் அவரால் மறக்க முடியவில்லை.

அன்றைக்கே பஸ் ஸ்டாண்டில் இந்தக் கோடியில் நின்றுகொண்டு அந்தக் கோடியில் நின்ற பஸ்களின் போர்டைப் படித்துப் பார்த்தார். வேப்பூர், சேத்தியாத்தோப்பு, எல்லாம் பளிச்சென்று தெரிந்தன. லைசென்ஸ் புதுப்பிக்கும்போதும் டாக்டர் காட்டிய எழுத்தையெல்லாம் கடைசி வரி வரைக்கும் கடகடவென்று ஒப்பித்தவர்தான். கண்ணில் கோளாறு இல்லை, சைக்கிள்காரன்தான் குறுக்கே பூந்துவிட்டான் என்று மனசைத் தேற்றிக்கொண்டு வீட்டுக்கு வந்தார். வந்து உட்கார்ந்து விளையாடினால், டிவியிலும் அதே மாதிரி ஒரு கார் இடப்பக்கம் முளைத்தது.

பயந்துபோய் நிலவனுக்குப் போன் போட்டார். பயந்ததைச் சொல்லவில்லை, கார் தாவுகிறது என்று மட்டும் சொன்னார்.

"அப்பா, நீங்க அறுபது ஃபிரேம்ல ஆடிக்கிட்டு இருக்கீங்க. செகண்டுக்கு அறுபது படம். வேகமா போற கேமுக்கு அது பத்தாது. நூத்தி இருபது ஆக்கிடுங்க, சும்மா வழுக்கிக்கிட்டுப் போவும்."

செகண்டுக்கு அறுபது படம் பத்தாது! அந்த ஒரு வார்த்தையைத் தங்கதுரை பிரசாதம் மாதிரி வாங்கிக்கொண்டார். அப்படியானால் கோளாறு பெட்டியில்தான். நடுவில் படம் விட்டுப்போகிறது, அதனால்தான் கார் தாவுகிறது. மகன் சொன்ன கேபிளைத் தருவித்தார். வீடியோ காலில் அவன் சொல்லச் சொல்ல, இங்கே போய் இதை அமுக்கி, அங்கே போய் அதை மாற்றி, ஒருவழியாக நூற்றிருபதுக்குக் கொண்டுவந்தார். படமும் அவன் சொன்னபடியே வழுக்கிக்கொண்டு ஓடியது. சாலையோரத்து மரம் ஒவ்வொன்றும் கலங்காமல் தனித்தனியாக வந்து போனது.

அதெல்லாம் நடந்தது முந்தாநாள். இன்று, எல்லாம் சரியாக ஓடும்போதே, நாலு தடவை மஞ்சள் கார். பெட்டியின்மேல் பழிபோட இனி இடமில்லை.

அந்த நேரம் பார்த்துத்தான் போன் அடித்தது. மாற்று டிரைவர் திருமால்.

"அண்ணே, மாமனாருக்கு நெஞ்சு வலின்னு தூக்கிக்கிட்டுப் போயிருக்காங்க. நான் இப்பவே கெளம்பறேன். நாலு இருபது ஸ்ரீமுஷ்ணம் ட்ரிப்பு மட்டும் நீங்க பாத்துக்கறீங்களா? மொதலாளிகிட்ட சொல்லிட்டேன்."

"சரிப்பா. நீ போ" என்றார். இருபத்திரண்டு வருஷப் பழக்கம், வாய் தானாகச் சொல்லிவிட்டது. போனை வைத்த பிறகுதான் உறைத்தது. நாலு இருபது என்றால் ஸ்கூல் விடுகிற நேரம். பஸ்ஸுக்குள் இருக்கிற பிள்ளைகள் பாதி, படியில் தொங்குகிற பிள்ளைகள் பாதி.

வளர்மதி பூண்டுத் தட்டை வைத்துவிட்டு வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். டூட்டி வந்தும் அவர் எழுந்திருக்காததைப் பார்த்துவிட்டாள்.

"என்னாங்க? ஒடம்பு சரியில்லையா?"

"ஒன்னும் இல்ல. இந்தக் காரு தாவறதப் பாத்தா எரிச்சலா வருது."

"எங்க, குடுங்க. என்னா தாவுதுன்னு நானும் பாக்கறேன்."

அவளுக்குச் செராமிக் கம்பெனியில் செக்கிங் வேலை. பீங்கான் ஃபியூஸ் கட்டை ஒவ்வொன்றாகக் கையில் எடுத்து, தட்டிப் பார்த்து, வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்து, மயிரிழைக் கீறல் இருந்தாலும் தூக்கி ஓரமாகப் போடவேண்டும். பதினாறு வருஷமாகக் கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு பார்த்துப் பழகியவள். அந்த விளையாட்டில் ஓடி முடிந்த பந்தயத்தைத் திரும்ப ஓடவிட்டுப் பார்க்கலாம், வேண்டிய இடத்தில் நிறுத்தி ஒவ்வொரு படமாக நகர்த்தலாம். அவருக்கு அதில் பொறுமை கிடையாது. அவள் ஓடவிட்டாள்.

"தாவலியே. அது அங்கதான வருது."

"எங்க?"

"எடது பக்கம். நமக்குப் பின்னால வந்து, பக்கத்துலயே ஓடிக்கிட்டு வருது."

தங்கதுரை தலையை இடப்பக்கம் திருப்பினார். ஆமாம், மஞ்சள் கார்.

வளர்மதி ஒரு நிமிஷம் அவர் முகத்தையே பார்த்தாள். பிறகு படத்தைப் பின்னால் கொண்டுபோய், மஞ்சள் கார் முதலில் எட்டிப் பார்க்கும் இடத்தில் நிறுத்தினாள்.

"இப்ப தலைய ஆட்டாதீங்க. ஓட்டும்போது எப்படி நேரா பாப்பீங்களோ அப்படியே ரோட்டப் பாருங்க. மஞ்சளு தெரிஞ்சதும் சொல்லுங்க."

அவள் ஒவ்வொரு படமாக நகர்த்த ஆரம்பித்தாள். ஒரு அமுக்கலுக்கு ஒரு படம். வாய்க்குள் எண்ணிக்கொண்டே வந்தாள். இருபது. நாற்பது. தங்கதுரை சாலையைப் பார்த்தார். வெள்ளைக் கோடு தெரிந்தது, தடுப்புச் சுவர் தெரிந்தது, மேலே வானம் தெரிந்தது. இடப்பக்கம் இருட்டாக இருந்தால்கூடப் பரவாயில்லை, இருட்டு என்று தெரிந்துகொள்ளலாம். அங்கே இருட்டு இல்லை. சாலைதான் இருந்தது. காலியான, சுத்தமான சாலை. தொண்ணூறு. நூற்றிப்பத்து. அவளுடைய குரல் இறங்கிக்கொண்டே போனது. நூற்றைம்பது.

"இந்தா! இப்ப!" என்று கத்தினார்.

"நூத்தி எழுவத்தி மூணு" என்றாள் வளர்மதி.

செகண்டுக்கு நூற்றிருபது என்று மகன் சொன்ன கணக்கு அவருக்கு ஞாபகம் இருந்தது. ஏறக்குறைய ஒன்றரை செகண்டு அந்தக் கார் கண்ணெதிரே இருந்திருக்கிறது. ஒன்றரை செகண்டில் அவருடைய பஸ் எவ்வளவு தூரம் போகும் என்று அவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

அப்படியானால் சைக்கிள்காரன் முளைக்கவில்லை. அங்கேயேதான் இருந்தான். கூடவே மிதித்துக்கொண்டு வந்திருக்கிறான். கொஞ்ச நாளாகவே முதலாளி சுப்புராயனிடம் புகார் போய்க்கொண்டிருந்தது, கைகாட்டினாலும் டிரைவர் நிறுத்துவதில்லை என்று. ஆளே இல்லாத ஸ்டாப்பில் எவனாவது நிறுத்துவானா, பொய் சொல்கிறார்கள் என்று அவர் சண்டை பிடித்தார். இப்போது அந்த ஸ்டாப்புகள் ஒவ்வொன்றாக மனசில் வந்தன. அங்கேயெல்லாம் ஆட்கள் நின்றிருக்கிறார்கள். கையைத் தூக்கி நின்றிருக்கிறார்கள், குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு. அவர்களை ஒட்டிக்கொண்டு எத்தனை தடவை போயிருப்பார்? யார் மேலும் ஏறாமல் போனது அவருடைய திறமை இல்லை, யார் செய்த புண்ணியமோ.

"போவாதீங்க" என்றாள் வளர்மதி. "திருமாலுக்குப் போன் பண்ணி வேற ஆளப் பாக்கச் சொல்லுங்க."

"என்னான்னு சொல்றது? டிரைவருக்குக் கண்ணு தெரியலன்னா? நாளைக்கு எவன் வண்டி குடுப்பான்?" பயம் எல்லாம் கோபமாக வெளியே வந்தது. "பொம்மைக் காரு வேற, பஸ்ஸு வேற. தலையத் திருப்பித் திருப்பிப் பாத்துக்கிட்டா போச்சு. ஒரு ட்ரிப்பு. அப்பறம் டாக்டரப் பாத்துக்கலாம்."

காக்கிச் சட்டையை மாட்டிக்கொண்டு இறங்கிவிட்டார். பொத்தானைத் தப்பும் தவறுமாகப் போட்டிருந்தார்.

பஸ் ஸ்டாண்டில் வண்டி நிறைந்திருந்தது. ஏறி சீட்டில் உட்கார்ந்து கண்ணாடிகளைச் சரிசெய்தபோது, முன்படி வழியாக வளர்மதி ஏறிவந்தாள். வீட்டுச் சேலையோடு அப்படியே வந்திருந்தாள். இடப்பக்கம் முன் சீட்டில் ஒரு பெண்ணைத் தள்ளி உட்காரச் சொல்லி உட்கார்ந்தாள். அவரைப் பார்க்கவில்லை.

"என்னா அண்ணி, நீங்களும் ஸ்ரீமுஷ்ணமா? என்னா விசேஷம்?" என்றான் சக்கரபாணி.

"சும்மாதாம்பா. ஒரு டிக்கெட் குடு."

நாலு பேருக்கு முன்னால் புருஷனைத் தலைகுனிய வைக்க அவளுக்கு மனசு வரவில்லை. தனியாக அனுப்பவும் மனசு வரவில்லை. என்ன நடந்தாலும் கூடவே நடக்கட்டும் என்று வந்து உட்கார்ந்துவிட்டாள். இது தங்கதுரைக்குப் புரிந்தபோது, இந்தப் பயத்துக்கு முன்னால் வீட்டில் பட்டதெல்லாம் ஒன்றுமில்லை என்று ஆகிவிட்டது.

விசில் அடித்தது. முதல் கியர் போட்டார். வண்டி ஊர்ந்தது.

ஸ்டாண்டு வாசலில் இடப்பக்கம் திரும்பவேண்டும். தலையை முழுசாகத் திருப்பிப் பார்த்தார். சீருடை போட்ட ஏழெட்டுப் பெண்பிள்ளைகள் பை மாட்டிக்கொண்டு, கரும்பு ஜூஸ் கடைப் பக்கம் கும்பலாக நின்றார்கள். நேரே பார்த்தார். ஜூஸ் கடை இருந்தது, வாசல் இருந்தது, தரை இருந்தது. பிள்ளைகள் இல்லை. மறுபடி திரும்பிப் பார்த்தார். இருந்தார்கள், ஆனால் முன்னைவிட நெருங்கி. அதில் ஒருத்தி ரோட்டுக்குள்ளேயே வந்துவிட்டாள். நேரே பார்க்காமல் ஓட்ட முடியாது. எதிரே ஒரு மினி பஸ் வந்துகொண்டிருந்தது. நேரே பார்த்தார். பிள்ளைகள் மறுபடியும் இல்லை. காலியான, சுத்தமான தரை. ஒன்று, இரண்டு என்று உள்ளுக்குள் ஏதோ எண்ண ஆரம்பித்தது.

பிரேக்கை மிதித்து, எஞ்சினை நிறுத்தி, சாவியை உருவினார்.

பஸ் வாசலை அடைத்துக்கொண்டு நின்றது. பின்னாலிருந்த வண்டிகள் ஹாரன் அடித்தன. "என்னாய்யா டிரைவரு, தூங்கிட்டியா?" என்று உள்ளேயிருந்து ஒரு குரல். தங்கதுரை வலப்பக்கக் கதவைத் திறந்து இறங்கி, பஸ்ஸுக்கு முன்னால் வந்து நின்றார். பம்பரைப் பிடித்துக்கொண்டார். சக்கரபாணி பின்படியிலிருந்து குதித்து ஓடிவந்தான்.

"என்னாண்ணே, பிரேக் டவுனா?"

"எனக்கு எடது பக்கம் கண்ணு தெரியலப்பா." மெதுவாகச் சொல்லத்தான் நினைத்தார். வாசல் முழுக்கக் கேட்கும்படி வந்துவிட்டது. "நான் ஓட்டக் கூடாது. மொதலாளிக்குப் போன் பண்ணு. வேற ஆள வரச் சொல்லு. இந்தா, சாவி."

ஹாரன் அடித்தவன்கூட நிறுத்திவிட்டான். ஜன்னலில் தலைகள் முளைத்தன. சக்கரபாணி சிரித்தான். "போங்கண்ணே. வேப்பூர் போர்ட இந்தக் கோடியிலேர்ந்து படிக்கிற ஆளு நீங்க. ட்ரிப்பு புடிக்கலன்னா நேரா சொல்லுங்க, எதுக்கு இந்தக் கதையெல்லாம்?"

பிழைப்பு போய்விட்டது என்பது தங்கதுரைக்குத் தெரிந்துவிட்டது. சாயங்காலத்துக்குள் ஸ்ரீமுஷ்ணம் வரைக்கும் செய்தி போய்விடும். இந்த நேரத்தில் யாராவது கையைப் பிடித்துக்கொண்டால் நன்றாக இருக்கும் என்று தோன்றியது. பஸ் படியைப் பார்த்தார். கூட்டத்தைப் பார்த்தார்.

"வளரு எங்க? எறங்கலியா அவ?" என்று கேட்டார்.

சக்கரபாணியின் சிரிப்பு அப்படியே நின்றது.

"அண்ணே… அண்ணி ஒங்க பக்கத்துலதான நிக்கறாங்க. நீங்க எறங்குனப்பவே வந்துட்டாங்க."

தங்கதுரை இடப்பக்கம் தலையைத் திருப்பினார். ஒரு முழ தூரத்தில், முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு வளர்மதி நின்றாள்.

சக்கரபாணி சாவியை வாங்கிக்கொண்டான். திரும்பி, தான் நிற்கும் பின்படியைப் பார்த்தான். ஆறு வருஷமாக அந்தப் பஸ்ஸின் இடப்பக்கப் படியில் தொங்கிக்கொண்டு வருகிறவன் அவன்.